ஸ்பானர் படத்தை அணைப்பதற்கு முன்

கடந்த வியாழக்கிழமை இரவு வேலை முடிந்து வீட்டுக்குள் வந்த மனைவி, குளிர்ச்சட்டையைக் கழற்றும் முன்பே, “இஞ்சேருங்கோ, காரிலை அந்த ஸ்பானர் படம் திரும்பவும் வந்திட்டுது” என்றார். ஒயில் மாற்றும் நேரம் நெருங்கிவிட்டது என்று கார்த் திரையில் எரியும் நினைவூட்டல் அது. எங்கள் வீட்டில் இந்தச் செய்தி வருடத்துக்கு இரண்டு தடவை, சில வருடங்களில் மூன்று தடவை வரும். கார் 2008ஆம் ஆண்டின் ஹொண்டா சிவிக். கனடாவின் ஒன்ராறியோ மாகாணத்தில் உள்ள அலிஸ்ரன் தொழிற்சாலையில் தயாரான அதை, 92,000 கிலோமீற்றர் ஓடியிருந்த நிலையில், 2013இல் ஸ்காபரோவில் ஒருவரிடம் வாங்கினேன். ஒன்பது வருடங்களாக அதன் ஒயிலை நானே மாற்றி வருகிறேன். வேலை முடிந்ததும் அந்த நினைவூட்டலையும் நானே அணைத்து விடுகிறேன். அணைப்பதற்குக் கால் நிமிடம் போதும். ஆனால் அந்தக் கால் நிமிட வேலையில் நான் இரண்டு தடவை சறுக்கியிருக்கிறேன். இன்னொரு தடவை வேறொருவர் சறுக்கியதற்கு நான் விலை கொடுத்திருக்கிறேன்.

அந்த ஸ்பானர் படம் என்ன சொல்கிறது என்பதிலிருந்தே தொடங்க வேண்டும். ஒயிலைத் தொட்டுப் பார்த்து அது கெட்டுவிட்டதா என்று சொல்லும் ஒரு கருவி எஞ்சினுக்கு அடியில் எங்கோ இருப்பதாக நான் நீண்ட காலம் நம்பியிருந்தேன். இந்தக் காரில் அப்படி எதுவும் இல்லை. எஞ்சின் மொத்தம் எத்தனை சுற்றுச் சுற்றியது, எத்தகைய நிலைமைகளில் சுற்றியது என்பவற்றைக் கார்க் கணினி இடைவிடாமல் கூட்டிக்கொண்டே வந்து, ஒயிலின் ஆயுளில் இன்னும் எத்தனை சதவீதம் மிஞ்சியிருக்கிறது என்று கணக்குப் போடுகிறது, அவ்வளவுதான். திரையில் அது 100, 90, 80 என்று பத்துப் பத்தாக இறங்கி 20ஐத் தொடும். அதன்பின் 15, 10, 5, 0 என்று ஐந்தைந்தாக இறங்கும். 15இல் ஸ்பானர் படம் முகம் காட்டும். பூச்சியத்தைத் தாண்டியும் ஓட்டினால், எவ்வளவு தூரம் கடன்பட்டு ஓடுகிறோம் என்பதை முன்னால் ஒரு கழித்தல் அடையாளத்துடன் மின்னி மின்னிக் காட்டும். இது பரிசோதனை அன்று, வெறும் கணக்கு. எஞ்சினுக்குள் நல்லெண்ணெயை ஊற்றிவிட்டு நினைவூட்டலை மீளமைத்தாலும், நூறு சதவீதம் என்றுதான் அது மகிழ்ச்சியோடு அறிவிக்கும்.

இந்த யோசனையின் வேர் வேறு நிறுவனத்தில் இருக்கிறது. 1980களில் ஜெனரல் மோட்டர்ஸ் ஆய்வுகூடத்தில் பணியாற்றிய இரசாயனவியலாளர் ஷேர்லி சுவார்ட்ஸும் அவருடைய சகாக்களும், எஞ்சின் சுற்றுகளின் எண்ணிக்கையையும் அவை நடந்த வெப்பநிலையையும் வைத்தே ஒயிலின் ஆயுளைக் கணிக்கலாம் என்று காட்டினார்கள். மூன்று மாதம் அல்லது 5,000 கிலோமீற்றர் என்று எல்லாக் கார்களுக்கும் ஒரே அளவில் சட்டை தைத்த பழைய வழக்கம் அதன்பின்தான் தளரத் தொடங்கியது.

வெப்பநிலை ஏன் கணக்கில் சேர்கிறது என்பதை எனக்கு விளங்க வைத்தது எந்தக் கைநூலும் அன்று. யாழ்ப்பாணத்தில் அப்பா வைத்திருந்த ஒஸ்ரின் கேம்பிரிட்ஜ். 1990களில் எங்கள் பக்கத்துக்குப் பெற்றோல் தடைசெய்யப்பட்டிருந்த காலத்தில், அந்தக் கார் மற்றப் பழைய கார்களைப் போலவே மண்ணெண்ணெயில்தான் ஓடியது. சிறு பிளாஸ்ரிக் போத்தலில் பொன்போலக் காத்து வைத்திருக்கும் பெற்றோலில் சில துளிகளைக் கார்பரேற்றருக்குள் பீச்சி ஸ்ரார்ட் செய்து, எஞ்சின் சூடேறியதும் மண்ணெண்ணெய்க்கு மாற்றுவார்கள். புகை ஒரு பக்கம் இருக்க, அப்பாவின் கவலை முழுவதும் ஒயில் கம்பியிலேயே இருந்தது. காலையில் அதை இழுத்து, நுனியை விரலில் தேய்த்து, மூக்கருகே கொண்டுபோய் மணந்து பார்ப்பார். ஒயில் மட்டம் குறைந்திருந்தால் பெரிதாக ஒன்றும் சொல்லமாட்டார். ஏறியிருந்தால்தான் முகம் மாறும். எரியாத மண்ணெண்ணெய் பிஸ்ரன் வளையங்களைத் தாண்டிக் கீழே இறங்கி ஒயிலோடு கலந்திருக்கிறது, ஒயில் தன் தடிப்பை இழந்துவிட்டது என்பதே அதன் பொருள். கிலோமீற்றர் எவ்வளவு என்று அவர் பார்த்ததாக எனக்கு நினைவில்லை. அந்தக் காரின் மீற்றர் நான் பிறக்கும் முன்பே நின்றுபோயிருந்தது.

ஸ்காபரோவின் பெப்ரவரி மாதத்தில் என் சிவிக்குக்குள் நடப்பதும் ஏறக்குறைய அதுதான், மண்ணெண்ணெய்க்குப் பதிலாகப் பெற்றோல் என்பதைத் தவிர. வீட்டிலிருந்து கெனடி சுரங்கரயில் நிலையத்தின் தரிப்பிடம் நாலு கிலோமீற்றர். மறை 15 பாகையில் காரை எடுத்து, அந்த நாலு கிலோமீற்றர் ஓடி, மாலை வரை அங்கே உறைய விட்டு, திரும்பவும் நாலு கிலோமீற்றர் ஓட்டினால், ஒயில் ஒரு தடவைகூட முழுச் சூட்டை எட்டாது. குளிர்ந்த சிலிண்டர்ச் சுவரில் படியும் பெற்றோலின் ஒரு பகுதி எரியாமல் ஒயிலுக்குள் இறங்குகிறது. எரிந்த பெற்றோலிலிருந்து உண்டாகும் நீராவி குளிர்ந்து நீராக அங்கேயே தங்குகிறது. நெடுஞ்சாலையில் அரை மணி நேரம் ஓடினால் இரண்டும் ஆவியாகிப் போய்விடும். ரயில் நிலையத்துக்குப் போய் வருவதில் போகாது. கார்க் கணினிக்கு மூக்கு இல்லாவிட்டாலும் இந்த அளவுக்காவது கணக்குத் தெரிகிறது. மொன்றியலுக்கும் ஒட்டாவாவுக்குமாக அலைந்த ஒரு கோடையில் 10,000 கிலோமீற்றருக்கு நின்றுபிடித்த அதே ஒயில், அடுத்த குளிர்காலத்தில் 6,000ஐத் தொடும் முன்பே ஸ்பானர் படத்தைக் கொண்டுவந்து விட்டது. அதனால் ஸ்பானர் நேரத்தோடு வந்துவிட்டது என்று நான் அதனோடு சண்டை பிடிப்பதில்லை.

படத்தோடு சேர்ந்து சில எழுத்துகளும் எண்களும் வரும். விலை கொடுத்த கதை இந்த எழுத்துகளில்தான் இருக்கிறது. என் காரின் கைநூலின்படி ‘ஏ’ என்றால் ஒயில் மட்டும். ‘பி’ என்றால் ஒயிலும் பில்ரரும், கூடவே பிரேக், சஸ்பென்சன், அச்சுகளின் றப்பர் உறைகள், புகைக்குழாய் முதலானவற்றின் பரிசோதனையும். எண்கள் துணைவேலைகள்: 1 ரயர்களை இடம் மாற்றுவது, 2 காற்று பில்ரரும் உள்ளறைக் காற்றின் தூசிப் பில்ரரும், 3 கியர் பெட்டியின் திரவம், 4 ஸ்பார்க் பிளக், 5 எஞ்சினைக் குளிர்விக்கும் கூலன்ட். குளிர்கால ரயரும் கோடை ரயருமாக வருடத்துக்கு இரு தடவை மாற்றிக்கொண்டிருக்கும் எங்களுக்கு 1 தன்பாட்டில் நிறைவேறிவிடுகிறது. மற்றவை அப்படியல்ல.

கார் வாங்கிய அடுத்த வருடம் திரையில் ‘பி 1 3’ என்று வந்தது. அந்த நேரத்தில் எனக்கு இந்த எழுத்துகளின் பொருள் தெரியாது. பத்து நிமிடத்தில் ஒயில் மாற்றித் தரும் ஒரு கடைக்குக் கொண்டுபோனேன். அவர்கள் ஒயிலையும் பில்ரரையும் மாற்றி, காசை வாங்கிக்கொண்டு, மறக்காமல் நினைவூட்டலையும் மீளமைத்துத் தந்தார்கள். படம் போய்விட்டது, நூறு என்று காட்டியது, எனக்கும் திருப்தி. அந்த ஒரு மீளமைப்பில் ஒயிலின் கணக்கு மட்டுமன்றி, திரையில் நின்ற 1உம் 3உம் சேர்ந்தே அழிந்துவிட்டன என்பதை ஒன்றரை வருடம் கழித்துக் கைநூலை வாசிக்கும்போதுதான் அறிந்தேன். கியர் பெட்டியின் திரவம் மாற்றப்பட்டுவிட்டது என்று கணினி நம்பிவிட்டது. அடுத்த நினைவூட்டலைப் பல பத்தாயிரம் கிலோமீற்றர் தள்ளி வைத்துவிட்டது. பற்றுச்சீட்டைத் தேடி எடுத்துப் பார்த்தேன். ஒயில், பில்ரர், வரி, வேறெதுவும் இல்லை. கடைக்காரர் பொய் சொல்லவில்லை என்பதையும் எழுதத்தான் வேண்டும். நான் ஒயில் மாற்றச் சொன்னேன், அவர்கள் ஒயில் மாற்றினார்கள். பொய் சொன்னது காரிடம்தான்.

கியர் இரண்டிலிருந்து மூன்றுக்கு மாறும்போது ஒரு சிறு உதறல் அதற்குள் வந்திருந்தது. நானே கீழே படுத்து அந்தத் திரவத்தை வடித்தேன்; அதன் போல்ற்றின் தலையில் எட்டில் மூன்று அங்குல ராச்சற் முனை நேராகப் பொருந்தும் சதுரத் துளை இருப்பதால் வேறு கருவி தேவைப்படவில்லை. வெளியே வந்தது கறுப்புக் கோப்பி. ஒரு தடவை வடித்தால் 2.4 லீற்றர்தான் இறங்கும், மிச்சம் உள்ளேயே தங்கிவிடும் என்பதால், சில வாரங்கள் இடைவெளி விட்டு மூன்று தடவை வடித்து நிரப்பினேன். உதறல் பெருமளவு போய்விட்டது, முழுதாகப் போகவில்லை. ஒயிலையும் நானே மாற்றத் தொடங்கியது அதன் பின்தான்.

ஒயில் மாற்றுவதைப் பற்றி விரிவாக எழுதப்போவதில்லை. ஓடிச் சற்று ஆறிய எஞ்சின், சமதரை, ஜாக்கை மட்டும் நம்பாமல் அதன் பக்கத்தில் நிறுத்தும் இரும்புத் தாங்கிகள், 17 மில்லிமீற்றர் ஸ்பானர், 3.7 லீற்றர் 5டபிள்யூ-20 ஒயில். போல்ற்றுக்குப் புதிய அலுமினிய வாஷர் ஒன்றைப் போட்டு 39 நியூற்றன் மீற்றர் இறுக்கம். பில்ரரின் றப்பர் வளையத்தில் புது ஒயில் தடவி, அது தட்டியதும் கையால் முக்கால் சுற்று. வடித்த ஒயிலை ஸ்காபரோவில் உள்ள மாநகரக் கழிவு இடமாற்ற நிலையத்தில் வீட்டு நச்சுக் கழிவுப் பகுதியிலே பெற்றுக்கொள்கிறார்கள். வீதியோர வடிகாலில் ஊற்றும் ஒருவரை நான் கண்டிருக்கிறேன். எங்கள் தெருவில் அவருக்கு வணக்கம் சொல்வதை நிறுத்திவிட்டேன்.

எல்லாம் முடிந்து, எஞ்சினை ஒரு தடவை ஓடவிட்டு, நிறுத்தி, கம்பியில் மட்டம் பார்த்து, கீழே கசிவு இல்லை என்று கண்ட பிறகே மீளமைப்பு. திறப்பை ‘ஒன்’ நிலைக்குத் திருப்ப வேண்டும். எஞ்சினை ஸ்ரார்ட் செய்யக் கூடாது. சுற்றுமானிக்கு அருகே துருத்திக்கொண்டிருக்கும் செலக்ட்-ரீசெட் குமிழை, ஒயில் ஆயுளின் சதவீதம் திரையில் வரும்வரை, தட்டித் தட்டி விட வேண்டும். சதவீதம் வந்ததும் அதே குமிழைப் பத்து விநாடிக்கு மேல் அழுத்திப் பிடித்தால் சதவீதமும் எழுத்துகளும் மின்னத் தொடங்கும். கையை எடுத்துவிட்டு மறுபடி ஐந்து விநாடிக்கு மேல் அழுத்தினால் எழுத்துகள் மறைந்து 100 வரும். இரண்டு தடவை அழுத்த வைத்திருப்பது, தற்செயலாகக் கைபட்டு அழிந்துவிடக் கூடாது என்பதற்காக இருக்க வேண்டும்; நல்ல ஏற்பாடுதான்.

என் முதலாவது சறுக்கல் இந்தக் குமிழில். ஒரு டிசெம்பர் மாலையில், விரல்கள் விறைத்து, தடித்த கையுறையோடு, திரையில் என்ன இருக்கிறது என்று சரியாகப் பார்க்காமலே குமிழை அழுத்திப் பிடித்தேன். திரையில் இருந்தது, ஒரு பயணத்தின் தூரத்தை எண்ணும் ரிப் மீற்றர். அது உடனே பூச்சியமானது. பூச்சியத்தைக் கண்டதும் வேலை முடிந்தது என்று எண்ணிக் கதவைச் சாத்திவிட்டு உள்ளே போய்விட்டேன். அடுத்த வாரமும் ஸ்பானர் எரிந்தது. கணினி பழுதாகிவிட்டது என்று இரண்டு நாள் இணையத்தில் தேடினேன். பத்து விநாடி என்பது குளிரில் மிக நீண்ட நேரம், மூன்றாவது விநாடியிலேயே கை தானாக விலகிவிடுகிறது. அதனால் இப்போது வாய்விட்டு எண்ணுகிறேன்.

இரண்டாவது சறுக்கல் அதைவிட மோசமானது. முழுக்க முழுக்க என்னுடையது. 2019 ஜனவரியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, சூடாக உள்ளே இருந்து செய்யக்கூடிய வேலையை முதலில் முடித்துவிடலாம் என்ற நினைப்பில், நினைவூட்டலை முதலில் மீளமைத்துவிட்டு அதன் பிறகு காருக்கு அடியில் போனேன். வீதி உப்பு பத்துக் குளிர்காலங்களாகத் தின்ற அந்த வடிக்கும் போல்ற், கறள் பிடித்து இறுகிப்போய், ஸ்பானர் வழுக்கியதில் மூலைகள் மழுங்கிவிட்டன. இருட்டிவிட்டது, பனியும் கொட்டத் தொடங்கியது. சரியான கருவியும் புதிய போல்ற்றும் வாங்கி மறுபடி கீழே படுக்க எனக்கு மூன்று வாரம் ஆயிற்று. அந்த மூன்று வாரமும் பழைய ஒயிலோடு ஓடிய கார், என் மனைவிக்கு 100 என்று காட்டிக்கொண்டிருந்தது. ஒரு நாள் அவர் நம்பிக்கையோடு அதே காரில் கிங்ஸ்ரனுக்குப் போய்வந்தார். எஞ்சினுக்கு ஒன்றும் ஆகவில்லை. 15 சதவீதம் மிஞ்சியிருந்தபோதே தொடங்கிய வேலை என்பதால் உண்மையில் ஆபத்துக்கு இன்னும் தூரம் இருந்தது. ஆனாலும் அந்தப் பயணம் முழுவதும் எனக்கு வயிற்றில் புளி கரைந்தது. ஒயில் வடிந்த பிறகு இன்னொரு தடவை மீளமைத்தேன். மூன்று வாரக் கணக்கு அப்படித்தான் நேரானது.

மற்றக் கார்களில் வழி வேறு. நண்பர்களின் பழைய ரொயோட்டாக்கள் பலவற்றில் தூரத்தை மட்டும் எண்ணும் எளிமையான நினைவூட்டல்தான்; குளிர், சூடு எதையும் அது பார்ப்பதில்லை. மொடலுக்கு ஏற்றபடி ஓடோமீற்றரையோ ‘ரிப் ஏ’ என்பதையோ திரையில் வைத்துவிட்டுத் திறப்பை அணைத்து, குமிழை அழுத்திப் பிடித்தபடியே திறப்பை மீண்டும் ‘ஒன்’ நிலைக்குத் திருப்பி, கோடுகளோ பூச்சியங்களோ வந்து முடியும்வரை கையை எடுக்காமல் இருக்க வேண்டும். ஜெனரல் மோட்டர்ஸின் பல பழைய மொடல்களில் குமிழே தேவையில்லை: எஞ்சின் ஓடாமல் திறப்பை மட்டும் திருப்பி, ஐந்து விநாடிக்குள் அக்சிலரேற்றரை மூன்று தடவை முழுதாக மிதித்து விட்டால் போதும். முதன்முதலில் ஒருவர் இதைச் செய்வதைப் பார்த்தபோது ஏதோ நேர்த்திக்கடன் தீர்க்கிறார் என்றே நினைத்தேன். புதிய ஹொண்டாக்களில் மெனுவுக்குள் போய் எந்த வேலையைச் செய்தோமோ அதை மட்டும் தனியே மீளமைக்கலாம். என் பழைய கியர் பெட்டிக் கதை அவற்றில் நடக்க வேண்டியதில்லை. உங்கள் காருக்குரியது உங்கள் கைநூலில் இருக்கிறது. அதைக் கைவிட்டு, காணொளியில் யாரோ வேறு மொடலுக்குச் செய்வதைப் பார்த்து அழுத்துவது வீண்.

இன்னொரு குழப்பத்தையும் சொல்லிவிட வேண்டும், ஏனெனில் என்னிடம் அடிக்கடி கேட்கப்படுவது இதுதான். இந்த ஸ்பானர் படம் மஞ்சள் நிற எஞ்சின் விளக்கு அன்று. எஞ்சின் விளக்கு எரிந்தால் ஏதோ ஒரு பகுதி பிழையைக் கண்டிருக்கிறது. அதைக் கார்க் கணினியின் பிழைக் குறிகளை வாசிக்கும் ஓபிடி கருவி பூட்டித்தான் வாசிக்க வேண்டும். சிவப்பு ஒயில் கேத்தல் படம் வந்தாலோ, அது ஒயில் அமுக்கம் விழுந்துவிட்டது என்ற எச்சரிக்கை. ஓரமாக நிறுத்தி எஞ்சினை உடனே அணைக்க வேண்டும். ஸ்பானர் நாள் பார்த்துச் செய்யக்கூடிய வேலையைச் சொல்கிறது. சிவப்புக் கேத்தல் நாள் பார்க்க விடாது.

கணினி எண்ணாத சிலவும் உண்டு. பிரேக் திரவத்தை மூன்று வருடத்துக்கு ஒரு தடவை மாற்றச் சொல்லிக் கைநூல் தனியாக எழுதியிருக்கிறது. ஸ்பானர் அதற்காக என் காரில் ஒருபோதும் வராது. கார் அதிகம் ஓடாமல், மீளமைத்துப் பன்னிரண்டு மாதம் கடந்தும் நினைவூட்டல் வராவிட்டால், அதற்காகக் காத்திராமல் ஒயிலை மாற்றிவிட வேண்டும் என்றும் அதே நூல் சொல்கிறது. பெருந்தொற்றுக் காலத்தில் கார் வாசலிலேயே கிடந்தபோது இது எனக்கு உதவியது. ஒயில் ஆயுள் 60 என்று திரை சொல்லிக்கொண்டிருக்க, வருடம் திரும்பியதும் மாற்றிவிட்டேன்.

இவை எல்லாவற்றுக்கும் நான் நம்பியிருப்பது கையுறைப் பெட்டிக்குள் கிடக்கும் நாற்பது பக்கக் கொப்பி ஒன்றைத்தான். திகதி, கிலோமீற்றர், திரையில் நின்ற எழுத்துகள், அவற்றில் எதைச் செய்தேன், எதைச் செய்யவில்லை, எப்போது மீளமைத்தேன் என்று ஒவ்வொரு தடவையும் ஒரு வரி. ஒன்றைச் செய்யாமலே மீளமைக்க நேர்ந்தால் அதைச் சிவப்பில் எழுதுவேன். திரை மறந்துவிடுவதைக் கொப்பி மறப்பதில்லை. ஒயில் கறையில் சில எழுத்துகள் தெரியவில்லை என்பது வேறு விடயம்.

இந்தத் தடவை வந்திருப்பது ‘பி 2 5’. கூலன்ட் மாற்றி நீண்ட காலம் ஆகிவிட்டது என்பது கொப்பியிலும் இருக்கிறது. நீல நிறக் கூலன்ட் கொள்கலன் ஒன்றும் இரண்டு பில்ரர்களும் சமையலறை வாசலில் அடுக்கி வைத்திருக்கிறேன். மனைவி இரண்டு தடவை அவற்றில் கால் தட்டிவிட்டார். இன்றிரவு மறை 9 பாகை. ஞாயிற்றுக்கிழமை 4 பாகைக்கு ஏறும் என்கிறார்கள். அதுவரை ஸ்பானர் எரிந்துகொண்டிருக்கட்டும்.